தங்கர் பச்சானின் வெளிச்சம்: நடுநாட்டிலிருந்து ஒரு குறிப்பு

தமிழ் சினிமாவில் எங்க ஊரு எங்க இருக்குன்னு தேடிப் பார்த்தால், பெரும்பாலும் பஸ் ஜன்னலுக்கு வெளியேதான் இருக்கிறது. சென்னையிலிருந்து திருச்சிக்கோ மதுரைக்கோ போகிற கதாபாத்திரம் சீட்டில் சாய்ந்து தூங்குகிற நேரத்தில் திண்டிவனமும் விழுப்புரமும் கடந்து போய்விடும். தேனி என்றால் மலையும் காற்றும். பொள்ளாச்சி, கோபிச்செட்டிப்பாளையம் என்றால் வாய்க்காலும் தென்னந்தோப்பும். தஞ்சாவூர் என்றால் வயலும் கோபுரமும். இதெல்லாம் நேரில் போகாதவர்களுக்கும் படம் பார்த்தே பழகிப்போன நிலங்கள். விழுப்புரத்துக்கு அப்படி ஒரு அடையாளம் கிடையாது. சிவாஜி கணேசன் பிறந்த ஊர் என்ற பெருமை உண்டு. ஆனால் அவர் பிறந்த ஊரின் மண் என்ன நிறம் என்று சினிமா பார்த்து யாரும் சொல்லிவிட முடியாது.

சரி, இந்த நிலத்தை ஒழுங்காகப் படம் பிடித்தவர் யாராவது இருக்கிறார்களா என்று யோசித்தால் முதலில் வருகிற பெயர் தங்கர் பச்சான். பண்ருட்டி பக்கம் பத்திரக்கோட்டைக்காரர். இப்போது அது கடலூர் மாவட்டம். 1993க்கு முன்னால் கடலூரும் விழுப்புரமும் ஒரே தென்னாற்காடுதான். முந்திரியும் பலாவும் அந்தப் பக்கம், மல்லாட்டையும் கரும்பும் ஏரியும் இந்தப் பக்கம். பேச்சும் சாப்பாடும் கிட்டத்தட்ட ஒன்றுதான். இலக்கியத்தில் இந்த நிலத்துக்கு நடுநாடு என்று பெயர் வைத்துப் பேசுகிறோம். பழமலயின் 'சனங்களின் கதை' 1988இல் வந்தது, இமையத்தின் 'கோவேறு கழுதைகள்' 1994இல். கண்மணி குணசேகரன் இந்தப் பக்கத்துச் சொற்களுக்கு ஒரு அகராதியே தொகுத்தார். அந்த எழுத்தாளர் வரிசையில் இருந்துகொண்டே கையில் கேமராவும் வைத்திருந்த ஒரே ஆள் தங்கர் பச்சான்.

அவரைப் பற்றிய கட்டுரைகள் பெரும்பாலும் 'அழகி' படத்தின் கதையைப் பேசும், இல்லையென்றால் அவருடைய மேடைப் பேச்சுகளைப் பேசும். ஒளிப்பதிவாளராக அவர் என்ன செய்தார் என்பதைத் தனியாக எடுத்துப் பார்க்கலாம் என்பதுதான் இந்தக் குறிப்பின் நோக்கம். அதில் எனக்குப் பிடித்ததும் இருக்கிறது, உறுத்துவதும் இருக்கிறது. இரண்டையும் சொல்கிறேன்.

கேமராக்காரரே கதைக்காரர்

டிஜிட்டல் வருவதற்கு முன்னால் தமிழில் சுயாதீனப் படம் எடுப்பது எவ்வளவு கஷ்டம் என்பதை ஒரு சின்னக் கணக்கில் புரிந்துகொள்ளலாம். 35 எம்எம் பிலிமில் ஒரு அடிக்கு 16 பிரேம். வினாடிக்கு 24 பிரேம் ஓட வேண்டும். அப்படியானால் 400 அடி சுருள் ஒன்று கேமராவில் ஓடும் நேரம் 4 நிமிடம் 26 வினாடி. அதற்குள் நடிகர் சொதப்பினாலும் மேகம் வந்தாலும் சுருள் போனது போனதுதான். பிறகு கழுவணும், பிரிண்ட் போடணும். கைக்காசில் செய்கிற காரியமில்லை அது.

அதனால் தமிழில் சொந்த மொழியில் படம் எடுக்க நினைத்தவர்களில் சிலர் ஒரு வழி கண்டுபிடித்தார்கள். முதலில் ஒளிப்பதிவாளராக நல்ல பேர் எடுப்பது. சுருள் எவ்வளவு செலவாகும், வெயில் எத்தனை மணி வரை தாங்கும், எந்த இடத்தில் ஜெனரேட்டர் இல்லாமல் சமாளிக்கலாம் என்பதெல்லாம் கைக்கு வந்த பிறகு தன் கதையைத் தானே எடுப்பது. பாலு மகேந்திராதான் இந்த வழியைப் போட்டவர். 'வீடு', 'சந்தியா ராகம்' இரண்டும் இந்த வழியில் வந்தவை. பாட்டில்லாமல், சின்னக் குழுவோடு எடுத்த படங்கள். பின்னாளில் 'காக்கா முட்டை' எடுத்த மணிகண்டன், 'டு லெட்' எடுத்த செழியன் எல்லாம் இதே வழியில் வந்தவர்கள்தான். தங்கர் பச்சான் இந்த வரிசையில் நடுவில் நிற்கிறார். அவர் படங்களில் பாட்டு உண்டு, பேர் தெரிந்த நடிகர்கள் உண்டு, தியேட்டர் ரிலீஸ் உண்டு. சுத்தமான சுயாதீன சினிமா என்று அவற்றைச் சொல்ல முடியாது. ஆனால் கதை, இயக்கம், ஒளிப்பதிவு மூன்றும் ஒரே கையில் இருந்ததால், வியாபாரத்துக்குள் இருந்துகொண்டே தன் நிலத்தைத் தன் கண்ணால் காட்டுகிற சுதந்திரம் அவருக்குக் கிடைத்தது.

அடையாறு திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தவர். பரவலாகத் தெரிய வந்தது அகத்தியனின் 'காதல் கோட்டை' (1996) மூலம். நேரில் பார்க்காமலே காதலிக்கிற கதை அது. அவன் ராஜஸ்தானில், அவள் ஊட்டியில். ஒளிப்பதிவாளருக்கு இது நல்ல பரீட்சை. இரண்டு பேரையும் ஒரே பிரேமில் வைக்க முடியாது, ஆனாலும் இரண்டு பேரும் ஒரே கதையில்தான் இருக்கிறார்கள் என்று பார்க்கிறவனுக்குத் தோன்ற வேண்டும். பாலைவனத்து வறட்சியையும் மலையூர்க் குளிரையும் எதிரெதிராக வைத்து, நடுவில் அவள் பின்னிக் கொடுத்த ஒரு ஸ்வெட்டரை இணைப்பாக வைத்தது படம். கடைசியில் ரயில்வே ஸ்டேஷனில் அந்த ஸ்வெட்டர் வெளியே தெரிகிற நேரத்தில் தியேட்டர் ஏன் கத்தியது என்றால், அந்தப் பொருளுக்கு அவ்வளவு நேரமாகக் கண்ணைப் பழக்கி வைத்திருந்தார்கள். பொருளை நம்புகிற இந்தக் குணம் அவரிடம் கடைசி வரை இருக்கிறது.

அப்புறம் 'மறுமலர்ச்சி' (1998), ஞான ராஜசேகரனின் 'பாரதி' (2000), சேரனின் 'பாண்டவர் பூமி' (2001). பிறகு அதே ஞான ராஜசேகரனுக்கு 'பெரியார்' (2007). 'பாரதி'யைத் தனியாகச் சொல்ல வேண்டும். வாழ்க்கை வரலாற்றுப் படம் என்றால் நம் ஊரில் பெரிய மனிதர் முகத்தில் எப்போதும் ஒரு ஒளிவட்டம் அடிப்பது வழக்கம். 'பாரதி'யில் அது குறைவு. காசியிலும் புதுச்சேரியிலும் வீட்டுக்குள் நடக்கிற காட்சிகளில் வெளிச்சம் ஜன்னலிலிருந்தோ முற்றத்திலிருந்தோ வருகிறது. உள்ளே போகப் போக இருட்டாகிறது. வறுமை உள்ள வீடு வறுமை உள்ள வீடாகவே தெரிகிறது.

தனலட்சுமியின் முகம்

2002இல் 'அழகி'. 'கல்வெட்டு' என்ற தன் சிறுகதையிலிருந்து அவர் எடுத்த முதல் படம். கிராமத்தில் சின்ன வயதில் சண்முகத்துக்குத் தனலட்சுமி மேல் பிரியம். காலம் பிரித்துவிடுகிறது. அவன் சென்னையில் வசதியாக, மனைவி குழந்தைகளோடு. ஒருநாள் அவளைப் பிளாட்பாரத்தில் ஒரு பையனோடு பார்க்கிறான். தன் வீட்டிலேயே வேலைக்கு வைக்கிறான். பார்த்திபன், நந்திதா தாஸ், மனைவியாகத் தேவயானி. கதை எல்லோருக்கும் தெரியும்.

எனக்கு இந்தப் படத்தில் முக்கியமாகப் படுவது நந்திதா தாஸின் தோல் எப்படிப் பதிவாகியிருக்கிறது என்பது.

இதற்குக் கொஞ்சம் டெக்னிக்கலாகப் போக வேண்டியிருக்கிறது. லைட் மீட்டர் எதைப் பார்த்தாலும் அதை நடுத்தரச் சாம்பல் நிறமாக, சுமார் 18 சதவீத வெளிச்சத்தைத் திருப்பி அனுப்புகிற பரப்பாக எடுத்துக்கொண்டு கணக்குச் சொல்லும். கருப்பான முகத்தின் மேல் மீட்டரை வைத்து அது சொன்னபடியே கேட்டால், முகம் இருப்பதை விட வெளுப்பாக வரும். அதைத் தெரிந்து கொஞ்சம் குறைத்து எடுப்பவர்தான் அந்த முகத்தை அதன் நிறத்தில் பிடிக்கிறார். இதற்கும் மேலே ஒரு வரலாறு உண்டு. கோடாக் நிறுவனம் பல பத்தாண்டுகளாக லேப்களுக்கு அனுப்பிய நிறச் சோதனை அட்டைகளில் இருந்தது வெள்ளைக்காரப் பெண்ணின் முகம். அதற்கு 'ஷெர்லி கார்டு' என்று பெயர். அந்த முகம் சரியாக வந்தால் எல்லாம் சரி என்பதுதான் லேபின் கணக்கு. உலகத்தில் பாதிப் பேருக்கு மேல் அந்த அட்டைக்கு வெளியே இருந்தார்கள்.

நம் சினிமா இந்தச் சிக்கலை எளிதாகத் தீர்த்துக்கொண்டது. கதாநாயகியை வடக்கிலிருந்து கூட்டிவந்தது, மிச்சத்துக்குப் பவுடர் போட்டது, முகத்துக்கு நேராக ஒரு லைட்டும் வைத்தது. இதற்கு மாற்றாகப் பாலு மகேந்திரா ஷோபாவையும் அர்ச்சனாவையும் அவர்கள் நிறத்திலேயே அழகாகக் காட்டினார். தங்கர் பச்சான் அந்த இடத்திலிருந்துதான் தொடங்குகிறார். 'அழகி' என்று பேர் வைத்துவிட்டு, அந்தப் பேருக்குரியவளைக் கருப்பாகவே காட்டுகிறார். பக்கவாட்டு வெளிச்சத்தில் கன்னத்தில் ஒரு மினுமினுப்பு, கண்ணுக்குக் கீழே நிழல். நிழலை நிரப்ப எதிர்ப்பக்கம் தெர்மாகோலைத் தூக்கிப் பிடிக்கிற வழக்கம் இதில் ரொம்பக் குறைவு என்று என் கண்ணுக்குப் படுகிறது. வெளுப்பான தேவயானி நகரத்து வீட்டின் விளக்கு வெளிச்சத்தில் நிற்கிறார். தனலட்சுமி அதே வீட்டில் அடுப்படிப் பக்கம், வெளிச்சம் முழுசாக வராத இடத்தில். ஒரே வீட்டுக்குள் இரண்டு பெண்கள், இரண்டு வெளிச்சம். யார் வீட்டுக்காரி, யார் வேலைக்காரி என்று வசனம் சொல்ல வேண்டியதே இல்லை.

நந்திதா தாஸ் பின்னாளில் 'டார்க் இஸ் பியூட்டிஃபுல்' பிரச்சாரத்தின் முகமாக நின்றவர். சென்னையில் தொடங்கிய பிரச்சாரம் அது. ஒரு வேடிக்கை என்னவென்றால், நம்ம பக்கத்துக் கருப்புப் பெண்ணாக நடிக்க டெல்லியில் வளர்ந்த ஒருவரைத்தான் கூட்டிவர வேண்டியிருந்தது. அந்தப் படத்தின் தைரியம் எவ்வளவு தூரம் போனது, எங்கே நின்றது என்பதற்கு இதுவே அளவு.

இதெல்லாம் பழைய கதை, இப்போது எதற்கு என்று கேட்கலாம். திண்டிவனத்தில் கல்யாண வீடியோ எடுக்கிற தம்பி ஒருத்தர் எனக்குப் பழக்கம். சென்ற தை மாசம் ஒரு கல்யாணத்தில் அவர் எடுத்த படங்களை லேப்டாப்பில் காட்டிக்கொண்டிருந்தார். மணப்பெண்ணை நேரில் பார்த்திருக்கிறேன், நல்ல கருப்பு. படத்தில் ரோஜா நிறத்தில் இருந்தார். என்னப்பா இது என்று கேட்டேன்.

"ண்ணா, ஆல்பம் கைக்கு வந்ததும் பொண்ணு வூட்ல மொதல்ல பாக்கறதே கலரத்தான். இருக்கிற மாதிரியே குடுத்தா, 'எங்க பொண்ண இப்புடி கருக்க வெச்சிட்டியே'ன்னு திட்டறாங்க. காசு நிக்குது. அதனால எடுக்கும்போதே ஒரு ஸ்டாப் ஏத்தி எடுத்துடுவேன். மிச்சத்த எடிட்டிங்ல பாத்துக்கறது."

"அந்தப் பொண்ணு என்னா சொல்லுச்சு?"

"அது ஒன்னும் சொல்லல ண்ணா. அது அம்மாதான் சொன்னாங்க, நல்லா வந்திருக்குதுன்னு."

'அழகி'யிலிருந்து சில காட்சிகளை அவருக்குப் போட்டுக் காட்டினேன். அவர் தொழில்காரர், கதையைப் பார்க்கவில்லை. "லைட்டே வெக்காத மாதிரி இருக்குதுண்ணா. ஆனா மூஞ்சி தெரியுது பாருங்க" என்றார். அவ்வளவுதான் சொன்னார். என் பார்வையில் தங்கர் பச்சானின் ஒளிப்பதிவைப் பற்றி இதை விடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது. இருபது வருஷத்துக்கு முன்னால் ஒரு வணிகப் படம் செய்த காரியத்தை நம் கல்யாண ஆல்பங்கள் இன்னும் செய்யவில்லை என்பதும் அதோடு சேர்த்துச் சொல்ல வேண்டியது.

மரங்களின் ஆவணம்

2007இல் 'ஒன்பது ரூபாய் நோட்டு'. அவருடைய சொந்த நாவல். மாதவப் படையாச்சியாகச் சத்யராஜ், மனைவி வேலாயியாக அர்ச்சனா, அடைக்கலம் கொடுக்கிற முஸ்லிம் நண்பராக நாசர். நிலமும் மரியாதையும் உள்ள ஒரு விவசாயி, பிள்ளைகளால் மனம் உடைந்து வயதான காலத்தில் மனைவியோடு வீட்டை விட்டு வெளியேறுகிற கதை. 'வீடு' படத்தில் சென்னையில் ஒரு வீடு கட்டப் படாதபாடு பட்டவர் அதே அர்ச்சனா. இங்கே வீட்டை விட்டு வெளியே நடக்கிறார். ஒரு ஒளிப்பதிவாளர் இயக்குநரின் நடிகை இன்னொரு ஒளிப்பதிவாளர் இயக்குநரிடம் வந்து சேர்ந்தது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை. அந்த முகத்தில் வெளிச்சம் எப்படி விழும் என்று இவருக்கு முன்னாலேயே தெரிந்திருக்கிறது.

இந்தப் படத்தில் முந்திரிக்காடு பின்னணி இல்லை, கிட்டத்தட்ட ஒரு கதாபாத்திரம். முந்திரி மரம் உயரமாகப் போகாது, கிளை தரையைத் தொடுகிற மாதிரி படரும். உள்ளே நின்றால் மேலிருந்து வருகிற வெளிச்சம் இலையில் சல்லடையாகிக் கீழே பொட்டுப் பொட்டாக விழும். ஒளிப்பதிவாளருக்கு இது தலைவலி. முகத்தில் பாதி வெயில், பாதி நிழல். வழக்கமாக மேலே ஒரு வெள்ளைத் துணியைக் கட்டி அந்தப் பொட்டுகளை அழித்துவிடுவார்கள். இவர் அந்தப் பொட்டு வெயிலை அப்படியே விடுகிறார். ஆட்கள் நடக்கும்போது வெளிச்சம் அவர்கள் மேல் ஏறி இறங்குகிறது. அந்தக் காட்டுக்குள் நடந்தவர்களுக்கு அது உடனே பிடிபடும். சுத்தமான வெளிச்சம் இருந்தால்தான் சந்தேகம் வரும்.

நான்கு வருஷம் கழித்து, 2011 டிசம்பர் 30ஆம் தேதி, தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் நடுவில் கரையைக் கடந்தது. பண்ருட்டிப் பக்கம் தலைமுறை தலைமுறையாக நின்ற பலா மரமும் முந்திரியும் ஒரே காலையில் சாய்ந்தன. ஒரு பலா மரம் காய்க்க வருஷக் கணக்காகும், அது பெரிய மரமாக நிற்க ஒரு ஆயுள் ஆகும். அதனால் இன்றைக்கு 'ஒன்பது ரூபாய் நோட்டு' படத்தைப் பார்க்கும்போது கதையோடு சேர்த்து வேறொன்றையும் பார்க்கிறோம். அந்தக் காடு முன்னால் எப்படி இருந்தது என்பதற்கு, கேமராவோடு உள்ளே போய் அந்த மண்ணில் பிறந்த ஒருவர் விட்டுவைத்த பதிவு அது. புயல் வரும் என்று நினைத்து யாரும் எடுக்கவில்லை. பின்னணியை நேர்மையாக எடுத்தால் அதற்குப் பிற்காலத்தில் இப்படி ஒரு மதிப்பு வந்து சேர்கிறது.

விழுப்புரத்துப் பக்கம் அப்படி யாரும் விட்டுவைக்கவில்லை. ஜிஎஸ்டி ரோடு இரண்டு வழியாக இருந்தபோது திண்டிவனத்திலிருந்து விழுப்புரம் வரைக்கும் ரெண்டு பக்கமும் புளியமரம். கோடையில் மதியம் பன்னிரண்டு மணிக்கும் ரோடு மேல் நிழல் விழும். நான்கு வழியாக்கும்போது எல்லாம் போய்விட்டது. ஏலம் விட்டு, வெட்டி, லாரியில் ஏற்றினார்கள். அந்த நிழலோடு அந்த ரோட்டை எடுத்த ஒரு நல்ல காட்சி தமிழ்ப் படத்தில் இருக்கிறதா என்று ரொம்ப நாளாகத் தேடுகிறேன். பின்னணியில் அரை வினாடி வருகிறதைத் தவிர எதுவும் என் கண்ணில் படவில்லை.

ஊரை விட்டுப் போனவரின் கண்

இப்போது உறுத்துகிற பக்கத்துக்கு வருகிறேன்.

அவர் படங்களை வரிசையாகப் பார்த்தால் ஒரு ஆள் திரும்பத் திரும்ப வருவது தெரியும். கிராமத்திலிருந்து படித்து வெளியே போனவர், பிறகு மனசாலோ காலாலோ திரும்பி வருகிறவர். 'அழகி'யின் சண்முகம் அப்படி. 'பள்ளிக்கூடம்' (2007) படத்தில் மூடப்படப் போகிற பள்ளியைக் காப்பாற்றப் பழைய மாணவர்கள் திரும்பி வருகிறார்கள். அதில் ஒருவர் கலெக்டராகவே திரும்புகிறார். கேமராவும் அவர்களோடுதான் வருகிறது. பிரிந்துபோனவருக்கு ஊர் எப்படித் தெரியுமோ அப்படித்தான் அந்த ஊர் தெரிகிறது. சாயங்கால வெயில், வரப்பு, மாடு, பள்ளிக்கூடத்து ஓட்டுக்கூரை. வெளிச்சம் எப்போதும் கொஞ்சம் தாழ்வாக, கொஞ்சம் மஞ்சளாக.

ஊரிலேயே இருக்கிறவனுக்குத் தெரிகிற வெளிச்சம் வேற. மல்லாட்டை பிடுங்குகிறவர்களுக்குப் பதினொரு மணியிலிருந்து மூணு மணி வரை உச்சி வெயில்தான். நிழல் காலுக்கடியில் போய் ஒளிந்துகொள்ளும். மரக்காணம் உப்பளத்தில் நின்றால் கீழேயிருந்தும் வெளிச்சம் அடிக்கும், கண்ணைத் திறக்க முடியாது. திண்டிவனத்துப் பக்கத்துக் கல் குவாரியில் வெயிலே வெள்ளைத் தூசியாகத்தான் இருக்கும். இந்த நடுப்பகல் தங்கர் பச்சான் படங்களில் அபூர்வம். வினோத்ராஜின் 'கூழாங்கல்' (2021) வந்தபோது எனக்கு இது இன்னும் தெளிவாகத் தெரிந்தது. அது மேலூர்ப் பக்கத்து நிலம். ஒரு அப்பனும் மகனும் வெயிலில் நடக்கிறார்கள். கேமரா அவர்களுக்கு நிழல் தேடித் தரவில்லை. அந்த வெயிலில் ஏக்கத்துக்கு இடமே கிடையாது.

இன்னொன்று இதைவிட முக்கியம். ஊர் என்று காட்டும்போது ஊரின் எந்தப் பக்கம் நின்று காட்டுகிறோம்? எங்கள் பக்கத்தில் ஊர், காலனி என்று இரண்டு. இரண்டுக்கும் நடுவில் பெரும்பாலும் ஒரு ஏரியோ வயலோ இருக்கும். காலனிக்கும் அப்பால், ஏரிக்கரையிலோ புறம்போக்கிலோ இருளர் குடிசைகள். தங்கர் பச்சானின் கேமரா ஊரின் பக்கம் நிற்கிறது. அங்கே உள்ள விவசாயியின் வலியை அது உண்மையாகவே சொல்கிறது, அதில் எனக்குச் சந்தேகமில்லை. மாதவப் படையாச்சியின் வீழ்ச்சி பொய்யில்லை. ஆனால் அதே முந்திரிக்காட்டில் கொட்டை பொறுக்கிக் கூலி வாங்குகிறவர்களுக்கு அந்தக் காடு எப்படித் தெரியும் என்பது அந்தப் படங்களில் இல்லை. தனலட்சுமியைக் கூடச் சண்முகத்தின் கண் வழியாகத்தான் நாம் பார்க்கிறோம். அவள் அந்த அடுப்படியிலிருந்து கூடத்தைப் பார்த்தால் என்ன தெரியும் என்று படம் யோசிக்கவில்லை.

அவர் 2024இல் கடலூர் தொகுதியில் பாமக வேட்பாளராக நின்றார். அதை வைத்து இருபது வருஷத்துக்கு முந்தைய பிரேம்களுக்கு அர்த்தம் சொல்வது சரியான விமர்சனம் என்று நான் நினைக்கவில்லை. படத்தில் இருப்பதைப் படத்திலிருந்தே சொல்ல வேண்டும். படத்திலிருந்து பார்த்தாலே கேமரா எந்தப் பக்கம் நிற்கிறது என்பது தெரிகிறது.

இதே நிலத்தை மறுபக்கத்திலிருந்து பார்க்க முயன்ற படம் ஞானவேலின் 'ஜெய் பீம்' (2021). ஒளிப்பதிவு எஸ்.ஆர்.கதிர். 1993இல் கடலூர் மாவட்டத்தில் நடந்த ஒரு காவல் நிலையக் கொலை வழக்கிலிருந்து எழுந்த கதை. படத்தில் அது இருளர்களின் கதையாகிறது. திண்டிவனம் பக்கத்தில் இருளர்களுக்கு ஒரு சாதிச் சான்றிதழ் வாங்கவே எத்தனை வருஷம் எத்தனை ஆபீஸ் ஏறி இறங்க வேண்டியிருந்தது என்று தெரிந்தவர்களுக்கு, அந்தப் படம் எங்கே குத்தியது என்பது புரியும். ஆரம்பத்தில் வயலில் வளையில் புகை போட்டு எலி பிடிக்கிற காட்சி இருக்கிறது. அந்த வரப்பை நாம் எத்தனையோ படத்தில் பார்த்திருக்கிறோம். இந்த முறை கேமரா வரப்பு மேல் நிற்காமல் வளைக்குப் பக்கத்தில் குனிகிறது. நிலம் ஒன்றுதான், கேமராவின் உயரம் மாறுகிறது, உடனே வேற ஊராகிவிடுகிறது.

ஆனால் அங்கேயும் பிரச்சினை உண்டு. செங்கேணியாக நடித்த லிஜோமோள் ஜோஸ் அருமையாக நடித்தார். அவர் நிறம் ஒப்பனையால் கருப்பாக்கப்பட்ட நிறம். 'அழகி' தன் நாயகியின் சொந்த நிறத்தை நம்பியது. இருபது வருஷம் கழித்து, அதைவிட அரசியல் தெளிவுள்ள ஒரு படம் நிறத்தைப் பூசிக்கொண்டது. இந்த ஒரு விஷயத்தில் பழைய படம்தான் முன்னே நிற்கிறது என்று சொல்லத் தோன்றுகிறது.

'ஜெய் பீம்' பற்றிய சண்டை என்னவாக முடிந்தது என்பதும் ஒளிப்பதிவு பற்றிய பாடம்தான். ஒரு காட்சியில் சுவரில் மாட்டியிருந்த காலண்டர் படம் ஒரு சமூகத்தைக் குறிக்கிறது என்று எதிர்ப்பு வந்தது, அந்தப் படத்தை மாற்றினார்கள், இயக்குநர் வருத்தம் தெரிவித்தார். பின்னணி என்று நாம் லேசாகச் சொல்கிற இடத்தில் எவ்வளவு இருக்கிறது பாருங்கள். ஒரு முந்திரி மரமும் பின்னணிதான், ஒரு காலண்டரும் பின்னணிதான். எங்க பக்கத்து ஜனங்கள் கதையை விட்டாலும் விடுவார்கள், பின்னணியைக் கூர்ந்து பார்ப்பார்கள். இத்தனை வருஷம் பின்னணியாகவே இருந்தவர்கள் என்பதால் வந்த பழக்கமாக இருக்கலாம்.

இப்போது

தங்கர் பச்சானின் அண்மைப் படம் 'கருமேகங்கள் கலைகின்றன' (2023). பாரதிராஜாவும் கௌதம் மேனனும் நடித்தது. அதற்கு ஒளிப்பதிவு அவர் இல்லை, ஏகாம்பரம். வயதான ஒருவரின் குற்ற உணர்வைப் பற்றிய படம். அதில் அவருடைய குரல் இருக்கிறது, வசனத்தில் நிறையவே இருக்கிறது. அவருடைய கண் இல்லாததை நான் உணர்ந்தேன். பழைய படங்களில் ஒரு மரத்தடி சொல்லிவிடுகிற விஷயத்தை இங்கே ஆட்கள் பேசிச் சொல்ல வேண்டியிருக்கிறது. அவர் படங்களில் வசனம் அதிகம், உணர்ச்சி அதிகம் என்ற புகார் எப்போதும் உண்டு. கேமராவும் அவர் கையில் இருந்தவரை அந்த அதிகத்தை வெளிச்சம் கொஞ்சம் அடக்கி வைத்திருந்தது என்பது என் முடிவு.

அவரை முதன்முதலாகப் பார்க்க நினைப்பவர்களுக்கு ஒரு யோசனை: 'காதல் கோட்டை', 'பாரதி', 'அழகி', 'ஒன்பது ரூபாய் நோட்டு' என்ற வரிசையில் பாருங்கள். முதல் இரண்டில் அடுத்தவர் கதைக்கு வெளிச்சம் தருகிறார், பின் இரண்டில் தன் கதைக்கு. நேரம் இருந்தால் ஒருமுறை சத்தத்தைக் குறைத்துவிட்டு முகங்களை மட்டும் பாருங்கள். பிறகு 'ஜெய் பீம்' பார்த்தால் அதே நிலம் மறுகரையிலிருந்து எப்படித் தெரிகிறது என்பது பிடிபடும்.

விழுப்புரத்துக்கும் திண்டிவனத்துக்கும் இன்னும் ஒரு படம் பாக்கி இருக்கிறது. செஞ்சி மலையின் உருண்டைப் பாறைகள், வானூர்ச் செம்மண், கழுவேலி ஏரி, உப்பளம், குவாரி எதுவும் அதன் சொந்த வெளிச்சத்தில் திரைக்கு வரவில்லை. 400 அடி சுருளுக்குக் காசு தேட வேண்டிய காலம் போய்விட்டது. கல்யாண வீடியோ எடுக்கிற அந்தத் தம்பியிடம் இருக்கிற கேமராவே போதும். அவர் தாத்தா குவாரியில் கல் உடைத்தவர் என்று ஒருமுறை சொன்னார். முகூர்த்தம் இல்லாத ஆடி மாசத்தில் கேமராவை எடுத்துக்கிட்டு மதியம் பன்னிரண்டு மணிக்குக் குவாரிக்குப் போய் வா, ஸ்டாப் ஏத்தாம எடு என்று சொல்லியிருக்கிறேன்.

"யாரு ண்ணா பாக்கப் போறா அத?" என்றார்.

நான் பார்ப்பேன் என்று சொல்லியிருக்கிறேன். எடுத்தால் இங்கே எழுதுகிறேன்.